மறைத்து வைத்த குடம்

தண்ணீர் கேட்கப் போன என்னைப் பார்த்ததும் அந்த உப்பளத்து ஆட்கள் குடத்தை மறைத்தார்கள். நான் முஸ்லிம் என்பதால்தான் என்று நம்பினேன். என் முட்டாள்தனத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், சகோதரர்களே. சிரிக்க உங்களுக்கு நேரம் கிடைக்கும்.

போன ரமலான். நான் திண்டிவனத்துக்காரன், உப்பளங்களுக்குச் சாக்கு விற்கிறவன். அந்த வருஷம் நோன்பை விட்டிருந்தேன். கேட்டவர்களிடம், பயணிக்குச் சலுகை இருக்குங்க என்பேன். உண்மை வேறு. நோயில் கிடந்த தம்பிக்காக அழுது அழுது துஆ கேட்டேன். மௌத்தாகிவிட்டான். மேலே யாராவது கேட்கிறார்களா என்று சந்தேகம் வந்துவிட்டது. தொப்பியை மட்டும் விடவில்லை. ஊர் பார்க்குமே.

மரக்காணம் உப்பள வரப்பில் வண்டி நின்றுவிட்டது. பிற்பகல், அஸர் தொழுகை நேரத்து வெயில். உப்பு வெள்ளையில் கண் கூசியது, நாக்கு ஒட்டிக்கொண்டது. கொட்டகையில் இருந்தவர்களிடம் போனேன். பேச்சு நின்றது. ஒரு அக்கா குடத்தைச் சாக்கால் மூடிப் பின்னால் தள்ளினார். குடித்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பி உட்கார்ந்தார்கள். ஒருத்தர் உப்பு வாரும் பலகையோடு எழுந்தார்.

தண்ணீர் கேட்காமலே திரும்பி நடந்தேன். பலகை முதுகில் எந்த இடத்தில் விழும் என்றுகூட யோசித்தாகிவிட்டது. தொப்பியைக் கழற்றிப் பையில் வைக்கலாம். தாடியை எங்கே வைப்பது?

வண்டி ஓரமாகக் குந்தினேன். தலை சுற்றியது. மறந்தே போயிருந்த துஆ தானாக வந்தது.

“யா அல்லாஹ், நீ இருக்கியான்னு தெரியல. இருந்தா ஒரு வாய் தண்ணி குடு.”

நிமிர்ந்தால் எதிரே அந்த அக்கா. கூடவே பலகைக்காரர். கையில் பலகை இல்லை, ஸ்பேனர்.

“இன்னா பாய், வெயில்ல குந்திக்கினு இருக்கீங்க? கொட்டாய்ல வந்து சாயுங்க. நோன்பு இருக்கிறவங்க எதிர்ல தண்ணி குடிச்சா நல்லாவா இருக்கும்? அதான் மறைச்சிட்டோம். தப்பா எடுத்துக்காதீங்க” என்றார் அக்கா.

காலையில் தின்ற இட்லி ஞாபகத்துக்கு வந்தது. நோன்பு இல்லை என்பதை மறைத்துக்கொண்டு கொட்டகைக்குப் போனேன். தாகத்தைவிட வெட்கம் பெரிதாக இருந்தது.

வண்டி ஓடத் தயாரான பிறகும் விடவில்லை, நோன்பு திறந்துட்டுப் போங்க என்றார்கள். தூரத்துப் பள்ளிவாசலில் பாங்கு கேட்டதும், அக்கா அதே குடத்திலிருந்து சொம்பு நிறைய மொண்டு நீட்டினார். குடித்தேன். அழுதேன்.

“பாவம், ரொம்பப் பசி போல” என்றார் அக்கா.

மறுநாள் விடியுமுன்னே சஹர் சாப்பாட்டுக்கு எழுந்து நோன்பு வைத்தேன். அன்றிலிருந்து தொழுகையை விடவில்லை. தம்பி விஷயத்தில் இன்னும் எனக்குப் பதில் தெரியாது. கேட்பதை நிறுத்தவில்லை, அவ்வளவுதான். சந்தேகம் இருக்கிறவர்கள் சந்தேகத்தோடயே கையேந்துங்க. அல்லாஹ் கோபித்துக்கொள்ளவில்லை, அல்ஹம்துலில்லாஹ்.

நடந்தது இதுதான். பாங்கு சொல்லும்வரை அந்தக் கொட்டகையில் என் எதிரில் யாரும் தண்ணீரைத் தொடவில்லை. நான் அன்றைக்கு நோன்பே வைக்கவில்லை.