நிறம் போன தண்ணீர்

ரைஹான் அந்தச் சாயப்பட்டறைக்கு வேலைக்கு வந்தபோது ஓடையில் ஓடிய தண்ணீரைப் பார்த்தே வெளிநாட்டில் அந்த மாதம் என்ன நிறம் விலை போகிறது என்று சொல்லிவிடலாம். ஒரு மாதம் கருநீலம். அடுத்த மாதம் மிளகாய்ச் சிவப்பு. திருப்பூரிலிருந்து காங்கேயம் போகிற சாலையில், பனியன் துணிக்குச் சாயமேற்றும் பட்டறை அது. முதலாளி லட்சுமணசாமி. கழிவுநீரைச் சுத்தம் செய்யாத பட்டறைகளுக்கு மின்சாரத்தை வெட்டப்போகிறார்கள் என்று பேச்சு எழுந்த தொண்ணூற்றாறாம் வருடம், தொட்டிகளைக் கட்டி முடித்துவிட்டு, அவற்றை நடத்த வேதியியல் படித்த ஒரு பையனைத் தேடினார். கோவை கோட்டைமேட்டிலிருந்து ரைஹான் வந்தான். அப்போதுதான் எம்.எஸ்சி. முடித்திருந்தான்.

சுற்றுவட்டாரத்தில் பல பட்டறைகளில் அந்தத் தொட்டிகள் பேருக்கு இருந்தன. அதிகாரிகள் வருகிற அன்று மோட்டார் ஓடும், அவர்கள் ஜீப் திரும்பியதும் நிற்கும். ரைஹான் அப்படி இருக்கச் சம்மதிக்கவில்லை. சுண்ணாம்பும் அன்னபேதி என்கிற இரும்பு ரசாயனமும் எவ்வளவு போட்டால் எந்தச் சாயம் அடியில் படியும் என்று ஒவ்வொரு நிறமாகச் சோதித்துப் பார்த்தான். கை தோலுரிந்தது. சட்டையில் துருக்கறை போகவே இல்லை. வருடம் திரும்புவதற்குள் ஓடையில் விழுந்த தண்ணீர் கிணற்றுத் தண்ணீர் போலத் தெளிந்திருந்தது. லட்சுமணசாமிக்கு அது பெரிய கௌரவமாகிவிட்டது. துணி வாங்க வந்த வெளிநாட்டுக்காரரை ஓடைக்கே கூட்டிப்போய், கண்ணாடி டம்ளரில் மொண்டு வெயிலில் தூக்கிக் காட்டினார். “எங்க ரைஹான் தம்பி வேலைங்க” என்று எல்லோரிடமும் சொன்னார். ரைஹானுக்கும் அப்போது நெஞ்சு நிமிரத்தான் செய்தது.

பிறகு கோயமுத்தூரில் அந்தக் கெட்ட காலம் வந்தது. தொண்ணூற்றேழின் கடைசியில் நடந்த கலவரத்தில் உக்கடத்தில் இருந்த அவன் அத்தா அப்துல் நாசரின் துணிக்கடை எரிந்து போனது. அடுத்த பிப்ரவரியில் குண்டுகள் வெடித்தன. அதற்குப் பிறகு, ஒன்றும் அறியாத பையன்கள்கூடத் தங்கள் பேரைச் சொல்லவே தயங்கினார்கள். அவனோடு படித்த இரண்டு பேரை வேலைக்கு வர வேண்டாம் என்று நாசூக்காகச் சொல்லிவிட்டார்கள். ரைஹானும் தன் முறைக்காகக் காத்திருந்தான். வந்தது லட்சுமணசாமியின் கார். டிரைவரோடு அவரும் வந்திருந்தார். கோட்டைமேட்டுச் சந்துக்குள் காரை விட முடியாமல் இறங்கி நடந்து வந்து, அவன் அம்மா உம்மல் குல்சும் கொடுத்த தேநீரைக் குடித்துவிட்டு, “பையனை நான் கூட்டிப் போறேனுங்க. பத்திரமா இருப்பான்” என்றார். பட்டறை ஆபீசுக்கு மேலே ஒரு அறையை ஒழித்துக் கொடுத்தார். கூட்டாளி ஒருவர் முணுமுணுத்தபோது, அப்படியென்றால் உங்கள் பங்கைப் பிரித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லி வாயடைத்துவிட்டார்.

அந்த உதவி ரைஹானின் குடும்பத்துக்குச் சோறு போட்டது. அத்தா அதன்பிறகு கடை வைக்கவே இல்லை, வீட்டிலேயே உட்கார்ந்துவிட்டார். முதலாளி பேரை எடுக்கும்போதெல்லாம் அம்மா அவருக்காக துஆ கேட்டாள். மறுவருடக் கோடை வரைக்கும் ரைஹானுக்கும் அதில் ஒரு பாரமும் தெரியவில்லை.

அந்தக் கோடையில் கிணறுகள் வற்றின. ஒரு நாள் காலையில் பாப்பாயி என்ற விவசாயி ஒரு குலை இளநீரை எடுத்துக்கொண்டு பட்டறைக்கு வந்தாள். ஓடைக்குக் கீழண்டைப் பக்கம் அவளுக்குத் தென்னந்தோப்பும் கொஞ்சம் வெண்டையும் தக்காளியும் இருந்தன. கணவன் இறந்த பிறகு தனி ஆளாகவே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டவள். ரைஹானைத் தேடி வந்து குலையை அவன் மேசைமேல் வைத்தாள்.

“உங்களுக்குத்தானுங்க தம்பி. ஓடையில நல்ல தண்ணி உட்டீங்க. குழாய் போட்டு எடுத்துத்தான் தோப்பு பொழைச்சுக் கெடக்குது.”

அவன் கையிலிருந்த சோதனைக் குழாயைக் கீழே வைத்தான். எப்போதிருந்து எடுக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டான். மாசியிலிருந்து என்றாள். ஓடைக்கரையில் இன்னும் நாலைந்து பேர் அவளைப் பார்த்து மோட்டார் போட்டிருக்கிறார்களாம்.

துணியில் சாயம் பிடிப்பதற்கு மூட்டை மூட்டையாக உப்பைக் கொட்ட வேண்டும். சுண்ணாம்பும் அன்னபேதியும் நிறத்தை எடுக்கும், உப்பை எடுக்காது. முதல் நாளிலிருந்தே ரைஹானுக்கு அது தெரியும். ஓடைத் தண்ணீரை யார் தொடப்போகிறார்கள் என்று நினைத்திருந்தான். அது சிவப்பாகவும் நீலமாகவும் ஓடிய காலத்தில் உண்மையிலேயே ஆடு மாடுகூடத் தொடவில்லை. தொடும்படி ஆக்கியது அவன்தான். பாப்பாயி போன பிறகு இளநீர்க் குலையையே பார்த்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தான்.

அன்று மத்தியானமே லட்சுமணசாமியிடம் போனான். முதல் சாயத்தொட்டித் தண்ணீரில்தான் உப்பு அதிகம், அதை மட்டும் தனியாகப் பிரித்து வெயிலில் காயவைத்தால் ஓடைக்குப் போகிற உப்பு வெகுவாகக் குறையும், அதுவரை அந்தத் தண்ணீரைப் பாய்ச்ச வேண்டாம் என்று ஊரில் சொல்லிவிடலாம் என்றான். லட்சுமணசாமி கோபப்படவில்லை. மேசை மின்விசிறியை அவன் பக்கம் திருப்பி வைத்தார்.

“பாக்க வர்றவங்க நெறத்தைத்தான் பாக்கறாங்க. நெறம் போயிருச்சு. இப்பப் போயி உப்புன்னு சொன்னா பட்டறைய மூடச் சொல்லுவாங்க. எத்தனை குடும்பம் இங்க சாப்புடுதுன்னு உனக்குத் தெரியும்.” பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னார். “நான் உங்கிட்ட இதுவரைக்கும் ஒண்ணும் கேட்டதில்லைங்கண்ணு. இதைய மட்டும் வெளிய சொல்லிப்போடாத.”

அவன் தலையாட்டிவிட்டு வெளியே வந்தான். தலையாட்டிவிட்டோம் என்பதே படியிறங்கும்போதுதான் உறைத்தது.

அதன்பிறகு அந்த மாடி அறை சின்னதாகிப் போனது. ஜன்னலைத் திறந்தால் ஓடை தெரிந்தது. மூடினால் வேர்த்துக் கொட்டியது. வேறு வேலை பார்த்துக்கொண்டு போய்விடலாம் என்று கோவையில் மூன்று ஆலைகளுக்கு ஏறி இறங்கினான். சான்றிதழைப் பார்க்கிற வரைக்கும் நன்றாகத்தான் பேசினார்கள். பேரையும் தெருவையும் படித்த பிறகு, சொல்லி அனுப்புகிறோம் என்றார்கள். வீட்டுக்குப் போனால் அம்மா முதலாளியின் உடம்பு நலத்தை விசாரித்தாள். அவளிடம் என்னவென்று சொல்வது? பட்டறைக்குத் திரும்பினால் தொழிலாளிகள் சிரித்த முகத்தோடு வணக்கம் வைத்தார்கள். தொட்டி பழுதாகி நின்றால் தங்கள் வேலையும் நிற்கும் என்று அவர்களுக்குத் தெரியும். எந்தப் பக்கம் நகர்ந்தாலும் யாருடைய சோற்றிலாவது கைவைக்க வேண்டியிருந்தது. சோறு இறங்காமல் இளைத்துப் போனான்.

ஒரு நாள் பஸ்ஸை விட்டு இறங்கி ஓடைக்கரையோடு நடந்தான். பாப்பாயியின் வெண்டைப் பாத்தியில் மண் வெள்ளையாகப் பூத்திருந்தது. தென்னையோலைகள் நுனியில் கருகியிருந்தன. மரத்தடியில் குரும்பைகள் உதிர்ந்து கிடந்தன. அவள் பூச்சிமருந்துக் கடைக்காரன் கொடுத்த எதையோ வாளியில் கரைத்துக்கொண்டிருந்தாள். என்ன நோய் என்றே பிடிபடவில்லை தம்பி, வாட்டமாக இருக்கிறதென்று இன்னும் ஒரு மடங்கு தண்ணீர் விடுகிறேன் என்றாள்.

ரைஹான் போய் மோட்டாரை நிறுத்தினான்.

“நோவு இல்லீங்கம்மா. தண்ணியில உப்பு. இனி ஒரு சொட்டும் பாய்ச்சாதீங்க.”

அவள் வாளியைக் கீழே வைத்துவிட்டு அவனைப் பார்த்தாள். “உங்களுக்கு எப்பத் தெரியும்?”

“மொதல்லயே தெரியுமுங்க.”

அவள் உதிர்ந்து கிடந்த குரும்பைகளைக் காலால் ஒதுக்கினாள். “செவப்பா இருந்தப்ப எங்களுக்கே தெரிஞ்சுது தம்பி. யாரும் சொல்ல வேண்டியதில்லை. நீங்க கண்ணைக் கட்டி உட்டுட்டீங்க.”

மறுநாள் அவளும் ஓடைக்கரைக்காரர்கள் சிலரும் பட்டறை வாசலுக்கு வந்தார்கள். யார் சொன்னது என்று லட்சுமணசாமி கேட்க, உங்கள் ஆள்தான் சொன்னார் என்றாள் பாப்பாயி. எல்லோரும் போன பிறகு ரைஹானைக் கூப்பிட்டார். வேலை போய்விட்டது என்று நினைத்து, பெட்டியைக்கூடக் கட்டிவைத்துவிட்டுத்தான் அவன் கீழே இறங்கினான். உள்ளுக்குள் ஒரு நிம்மதிகூட இருந்தது. ஆனால் லட்சுமணசாமி அவனைப் போகச் சொல்லவில்லை.

“உன்னை இப்ப அனுப்பினா, சாயபு பையன்னு அனுப்பிப்போட்டான்னு ஒருத்தன் பேசுவான். உண்மையச் சொன்னதுக்கு அனுப்பிட்டான்னு இன்னொருத்தன் பேசுவான். நீ இங்கயே இரு. நாளைக்கு அவங்க முன்னால நின்னு, நல்ல தண்ணி கலந்து உட்டா இந்தத் தண்ணி பயிருக்கு ஆகுமுன்னு சொல்லிரு.”

“அது மட்டும் என்னால ஆகாதுங்க ஐயா.” அவன் மேற்குப் பக்கம் கை காட்டினான். “மேக்கால அரை ஏக்கரா சும்மா கெடக்குதுங்க. அங்க பாத்தி கட்டிக் குடுங்க. மொதத் தொட்டித் தண்ணிய அதுல காயவைக்கறேன். அதைத் தவிர வேற எதைச் சொன்னாலும் பொய்யா இருக்கும்.”

அவர் சரி என்றார். கரைக்காரர்கள் கோர்ட்டுக்குப் போகப் போவதாக அன்றே பேச்சு அடிபட்டதும் ஒரு காரணமாக இருக்கலாம். ஆனால் அதன்பிறகு அவனை எங்க ரைஹான் தம்பி என்று யாரிடமும் சொல்லவில்லை. வேலை விஷயம் மட்டும் பேசினார்.

பாத்தி கட்டி முடிந்தது. குறைந்த உப்பிலேயே துணியில் பிடிக்கிற சாயங்களையும் வரவழைத்து, கடைசி அலசல் தண்ணீரை அடுத்த சுற்றுக்கு முதல் அலசலாக மாற்றினான். ஓடையில் உப்பு பாதிக்கும் கீழே இறங்கியது. ஆனால் மண்ணில் ஏறியது இறங்கவில்லை. பாப்பாயியின் கிணறும் கரித்தது. தோப்பில் பாதிக்கு மேல் மரங்கள் மொட்டையாயின. அவள் லாரித் தண்ணீர் வாங்கி மிச்சத்தைக் காப்பாற்றப் பார்த்தாள். பஸ்ஸில் எதிர்ப்பட்டால், இடம் இருந்தால் நகர்ந்து உட்காருவாள். பேச மாட்டாள்.

பாத்தியில் காய்ந்த உப்பு நீலமும் ஊதாவுமாகச் சாயம் கலந்து கிடந்தது. அதை வாங்க ஆளில்லை. கொட்டவும் இடமில்லை. மூட்டை பிடித்துப் பட்டறைக்குப் பின்னால் அடுக்கினார்கள். அடுக்கு சுவரைத் தாண்டி வளர்ந்தது.

ஐப்பசியில் ஒரு சாயங்காலம் திடீரென்று மழை அடித்தது. மூட்டைகள் நனைந்தால் இவ்வளவு நாள் பிரித்த உப்பு மொத்தமும் ஒரே மணி நேரத்தில் ஓடைக்குப் போய்விடும். ரைஹான் தார்ப்பாயை இழுத்துக்கொண்டு அடுக்கின் மேல் ஏறினான். காற்று அதைப் பிடுங்கியது. ஷிப்ட் மாறுகிற நேரம், பக்கத்தில் ஒருவரும் இல்லை. கீழே மறு முனையை யாரோ பிடித்து இழுப்பது தெரிந்து குனிந்து பார்த்தான். வெள்ளை வேட்டி முழங்காலுக்கு மேல் ஒட்டிக்கிடக்க, லட்சுமணசாமி நின்றிருந்தார்.

“கட்டு, கட்டு. நான் புடிச்சுக்கறேன்” என்றார்.

அவன் கயிற்றை முடிந்துவிட்டு அடுத்த மூலைக்குப் போனான். அவர் பிடியை விடவில்லை. மழையும் விடவில்லை. பிடியை விட்டால் எல்லாம் ஓடைக்குப் போய்விடும் என்பது இருவருக்கும் தெரிந்திருந்தது, அதனால் ஆளுக்கொரு முனையைப் பிடித்தபடி அங்கேயே நின்றார்கள்.