வாழைமர முடிச்சில் தொங்கிய மேளம்

ஸ்டுட்கார்ட்டில் நான் வேலை செய்யும் மண்டபத்துக்கு ஒருமுறை ஜப்பானில் இருந்து அரசவை இசைக் குழு ஒன்று வந்தது. மேடைச் சாமான்களை இறக்கி, பொருத்திப் பூட்டிக் கொடுப்பது என் வேலை. எந்தப் பெட்டியைத் தூக்கினாலும், அது கை நழுவி விழுவதை மனதுக்குள் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் தூக்குவேன். என் சுபாவம் அப்படி.

அவர்களுடைய பெரிய மேளத்துக்குப் பெயர் சுரிதைக்கோ. தொங்கவிடும் மேளம் என்று பொருளாம். மரச் சட்டத்தில் ஒரு பெரிய வளையம், உச்சியில் பொன்னிறத்தில் செதுக்கிய தீச்சுடர். வளையத்துக்கு நடுவில் மேளம் கயிற்றில் தொங்கும். அடிப்பவர் அதன் முன்னால் காலை மடித்துச் சப்பாணி கட்டி இருப்பார்.

அடிப்பவர் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண். அவருடைய ஜெர்மனும் என்னுடையதைப் போல ஓட்டை என்பதால் எங்கள் இருவருக்கும் நன்றாக விளங்கியது. பெட்டியைத் திறந்தபோது மேல் கயிறு நைந்து போயிருந்தது. அவர் அதை விரலில் தூக்கிப் பிடித்துக்கொண்டு என் முகத்தைப் பார்த்தார்.

வார இறுதிகளில் நான் எங்கள் சனத்தின் கல்யாணங்களுக்கு மணவறை சோடிக்கப் போவேன். காருக்குள் எப்போதும் சிவப்புக் கயிறு கிடக்கும். ஓடிப் போய் எடுத்து வந்து, கை போன போக்கில் கட்டிக் கொடுத்தேன். அவர் இரண்டு தரம் இழுத்துப் பார்த்துவிட்டுத் தலை குனிந்து நன்றி சொன்னார். எனக்குச் சந்தோஷத்தில் பெரிய புளுகம்.

மாலையில் சபை நிறைந்து, வாத்தியக்காரர்களும் மேடையில் வந்து இருந்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

ஜெர்மன் மண்டபங்களில் சுவரில் ஓர் ஆணி அடிக்க விடமாட்டார்கள். ஆனால் கல்யாணத்துக்கு வாசலில் குலையோடு வாழைமரம் நிற்கவும் வேண்டும். தூணில் கீறல் படாமல் வாழையைக் கட்டுவதற்கென்று நான் பழகிய முடிச்சைத்தான் மேளத்துக்கும் போட்டிருந்தேன். வாழைமரம் நிலத்தில் நிற்கும். சாயாமல் பிடித்தால் போதும். அந்த முடிச்சில் நான் ஒரு பொருளைத் தொங்கவிட்டதே கிடையாது. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விடாமல் இருந்திருந்தால், எவ்வளவு பாரம் தாங்கும் என்று கணக்காவது பார்த்திருப்பேன். முடிச்சு நழுவினால் மேளம் நேரே அந்த அம்மாவின் மடியில்தான் விழும்.

சபைக்கு வருவோரின் மேலங்கிகளை வாங்கி மாட்டி வைக்கும் இடத்தில் எங்கள் ஊர் அக்கா ஒருவர் வேலை செய்கிறார். அவரிடம் ஓடினேன்.

“அக்கா, ஒரு பிழை விட்டிட்டன்.”

“இண்டைக்கு இது எத்தினையாவது?”

முழுவதையும் சொன்னேன். அவர் ஒரு கோட்டை மாட்டியபடியே கேட்டார்.

“நீர் கட்டின வாழை எப்பவாவது விழுந்ததோ, தம்பி?”

“அது நிக்கிறது அக்கா. இது தொங்குது.”

“அவ இழுத்துப் பாத்தவதானே?”

“கையாலை இழுத்தவ. தடியாலை அடிச்சுப் பாக்கேல்லை.”

“அப்ப போய் நிப்பாட்டும்.”

“ஏலாது. தொடங்கிட்டினம்.”

“பிறகென்ன, போய்ப் பாரும். விழுந்தா எனக்கும் வந்து சொல்லும்.”

மேடையின் ஓரத் திரைக்குப் பின்னால் போய் நின்றேன். குழல்கள் இழுத்து இழுத்து ஊதின. மேளம் சும்மா இருந்தது. எங்கள் தவில் மாதிரி ஓயாமல் அடித்தால், விழுவது உடனே விழுந்து என் பயமும் முடிந்திருக்கும். இந்த மேளம் எப்போதாவதுதான் பேசியது. முதலில் இடக்கைத் தடியால் மெல்ல ஒன்று. பிறகு வலக்கை. அந்த வலக்கையை அவர் அவசரமே இல்லாமல் தூக்கினார். நான் திரையைப் பிடித்துக்கொண்டேன்.

டொம்.

மேளம் பின்னால் போய் மெல்லத் திரும்பி வந்தது. முடிச்சு நின்றது. பிறகு மறுபடியும் காத்திருப்பு. இப்படி எத்தனை தரம் செத்துப் பிழைத்தேன் என்று தெரியாது. இரண்டாவது உருப்படியின் நடுவில்தான் கவனித்தேன்: ஒவ்வோர் அடிக்கும் முடிச்சு இன்னும் இறுகிக்கொண்டு போனது. அதன் பிறகு மெல்லிய அடி விழும்போதே பெரிய அடிக்கு மூச்சை இழுத்து வைக்கப் பழகிவிட்டேன். கடைசி உருப்படிக்கு என் தலை தானாக ஆடியது.

கைதட்டல் ஓய்ந்ததும் புதுச் சிக்கல். முடிச்சு அவிழவில்லை. அவரும் பார்த்தார், நானும் பார்த்தேன். அடுத்த நாள் லைப்சிக்கில் நிகழ்ச்சி; மேளத்தைக் கழற்றினால்தான் பெட்டிக்குள் போகும். நான் கத்தியை எடுத்தேன். அவர் முடிச்சின் மேல் கையை வைத்து மூடி, வேண்டாம் என்றார்.

கடைசிக் கோட்டையும் கொடுத்துவிட்டு அக்கா வந்தார். தலையில் இருந்து ஒரு கொண்டை ஊசியை உருவினார்.

“தள்ளும், பாப்பம். விழும் விழும் எண்டு அழுதீர். இப்ப கழட்ட ஏலாமல் நிக்கிறீர்.”

பத்து நிமிடத்தில் முடிச்சு அவிழ்ந்தது. ஜப்பான் அம்மா கயிற்றைத் தரச் சொல்லிக் கேட்டார். முடிச்சையும் காட்டச் சொன்னார். மூன்று தரம் கட்டிக் காட்டினேன். பிறகு அவர் கட்டினார். முதல் இரண்டும் பிழை. மூன்றாவது சரி என்று நினைத்து நானும் கைதட்டினேன்.

அடுத்த நாள் மாலை, லைப்சிக்கில் அவர்கள் தொடங்கியிருக்கும் நேரம், நான் வீட்டில் இடியப்பத்தைப் பிசைந்தபடி இருந்தேன்.

“இன்னும் என்ன யோசினை?” என்றார் மனைவி.

“அவ முடிச்சிலை கடைசிச் சுத்தை உள்ளாலை எடுத்தவவோ, வெளியாலை எடுத்தவவோ எண்டு நான் பாக்கேல்லை.”

“விழுந்தா நாளைக்குப் பேப்பரிலை வரும். இப்ப சாப்பிடுங்கோ.”