பட்டுக்கடையில் ஓவியருக்கு என்ன வேலை?

என் நண்பர் சேகர் ஓவியர். சின்ன காஞ்சிபுரத்தில் மாடி வீடு; மாடி முழுக்க பெயின்ட் வாசனை. 'எங்கிருந்து சார் உங்களுக்கு இன்ஸ்பிரேஷன் வருது?' என்று யாராவது கேட்டால் போதும் – கோபுரம், குளம், விடியற்காலை வெளிச்சம் என்று அரை மணி நேரம் பேசுவார்.

உண்மை எனக்குத் தெரியும். மனுஷருக்குப் படம் வருவது பட்டுக்கடையில்தான்! ஓசி ஏ.சி.யில் உட்கார்ந்து, கல்யாணப் புடவை எடுக்க வருகிறவர்களின் முகங்களைப் பார்ப்பார். ஒரு கர்ச்சீப்கூட வாங்கியதில்லை.

போன வாரம் துணைக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனார். எதிரே ஒரு கல்யாணப் பெண், அவள் அம்மா, வருங்கால மாமியார். சேகர் பென்சிலை எடுத்தார்.

மாமியார் ஓர் அரக்குக் கலர் புடவையைப் பெண்ணின் தோளில் போட்டு, "இதான் முகூர்த்தத்துக்கு. பில் போடுப்பா" என்றார். பெண் தலையாட்டினாள். ஆயுசுக்கும் பீரோவில் இருக்கப்போகிற புடவை... அவளை யாரும் கேட்கவில்லை.

அதற்குள் சேல்ஸ்மேன் சேகரின் கையைப் பிடித்துவிட்டார்.

"இன்னா சார், எந்தக் கடைக்கு டிசைன் எடுத்துக்கினு போறீங்க?"

இந்த ஊரில் பர்ஸைத் திருடினால்கூட மன்னித்துவிடுவார்கள். பார்டரைத் திருடினால்..? சேகர் பதறிப்போய், "ஐயோ, புடவைய வரையலப்பா. இந்தப் பொண்ணு முகத்தைத்தான் வரைஞ்சேன்!" என்றாரே பார்க்கலாம்! நான் மெதுவாகச் செருப்பைத் தேடினேன்.

பெண்ணின் அம்மா தாளைப் பிடுங்கினார். திட்ட வாயைத் திறந்தவர், அப்படியே நின்றுவிட்டார். படத்தில் பெண், தோளில் கிடந்த புடவையைப் பார்க்கவேயில்லை. அவள் கண் போன பக்கம் பார்த்தால், ஓரமாக ஒதுக்கிப்போட்ட இன்னொரு புடவை கிடந்தது. அந்தக் கண்ணின் ஏக்கத்தைப் பார்த்து எனக்கே மனசு கஷ்டமாகிவிட்டது.

"உனக்கு அந்த மயில்கழுத்துக் கலர்தான் புடிச்சிருக்குதா? வாயத் தொறந்து சொல்றதுக்கு இன்னாமா?" என்றார் அம்மா.

பெண் மாமியாரைப் பார்த்தாள். கடையே மாமியாரைப் பார்த்தது. அவர் படத்தை வாங்கி, தூரத்தில் ஒரு தரம், கிட்டத்தில் ஒரு தரம் வைத்துப் பார்த்தார்.

"அதையே போடுப்பா."

பெண்ணின் முகம் மலர்ந்ததே... அதையல்லவா வரைந்திருக்க வேண்டும்? சேகர் பென்சிலை மறந்து வாயைப் பிளந்துகொண்டிருந்தார்.

கோபுரத்தைப் பார்த்தாலும் படம் வரும்தான். ஆனால், ஆசையை மறைத்துக்கொண்டு தலையாட்டக் கோபுரத்துக்குத் தெரியாதே!

விஷயம் அதோடு முடியவில்லை. மாமியார் நேராக வந்து சேகருக்கு எதிரே உட்கார்ந்தார். "என்னையும் ஒண்ணு வரைங்க சார். நல்லா சிரிச்ச மாதிரி இருக்கணும்" என்றார் – கொஞ்சமும் சிரிக்காமல்.

ஓவியருக்குக் கற்பனை எதற்கு என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது!