சிங்கம் என்று பெயர் வைத்தேன்

சாய்ந்தமருதுப் பள்ளிக்கூடத்தில் என்னை அழுமூஞ்சி என்றுதான் கூப்பிடுவார்கள். அதனால்தான் என் மகனுக்கு ஏழாம் நாள் முடி களைந்தபோது அஸத் என்று பெயர் வைத்தேன். அரபியில் சிங்கம், சொல்லும்போதே நெஞ்சு நிமிரும். அவன் விழுந்தபோதும், சுன்னத்து வைத்த அன்றும், "சிங்கம் அழுமா?" என்று அதட்டினேன்.

போன மாதம் என் தம்பி மௌத்தானான். அஸத்தைத் தோளில் சுமந்து திரிந்த சாச்சா. தம்பியின் உடல் கிடந்த சந்தூக்கைத் தூக்கியதும் நான் தேம்பி அழுதேன். ஆறு வயது மகன் உதட்டைக் கடித்தபடி என் சாறனைப் பிடித்தான்.

"வாப்பா, உங்கட பேருக்குக் கருத்து சிங்கமில்லதானே?"

"இல்ல மகன்."

"அதான் நீங்க அழலாம்."

குந்தி அவனை அணைத்து, "நீயும் அழு மகன்" என்றேன்.

"ஆரும் ஏச மாட்டாங்களா?" என்று கேட்டான்.

அழுததற்காக அவனை ஏசியது இந்த ஊரில் நான் ஒருவன் மட்டும்தான்.