கிணற்றுக் கெளுத்தியின் மீசை

ரோஜாத் தொட்டிக்கு ஊற்றலாமென்று கடலைப் புண்ணாக்கை ஊறவைத்தேன். அந்த வாசம் மூக்கில் ஏறியதும், இன்றைக்கு அடுக்குமாடி நிற்கிற இடத்திலிருந்த எங்கள் தோட்டத்துக் கிணற்றின் கடைசிப் படிக்குப் போய்விட்டேன்.

கூட விளையாட ஒரு பிள்ளை இல்லாத தோட்டம் அது. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் எருமைக்குப் புண்ணாக்குக் கரைத்துவைத்துவிட்டு, தண்ணீர் இறைக்கும் கவலை மாடுகளை அவிழ்த்த பிறகு கிணற்றில் இறங்கி, முழங்கால் ஆழத்துக்கு வற்றிக் கலங்கிக் கிடக்கும் தண்ணீரில் கையை விட்டு உட்கார்ந்திருப்பேன். சேற்றோடு சேறாகக் கிடக்கும் கிழட்டுக் கெளுத்தி மெல்ல வந்து, மீசையால் என்னை விரல் விரலாகத் தடவும். நம்மைத் தெரிந்துதான் வருகிறதென்று நம்பி, வாத்தியாரிடம் அடிவாங்கியதைக்கூட அதனிடம் சொல்லிவிடுவேன்.

முழுப்பரீட்சை லீவுக்குக் கோபியிலிருந்து வந்த மாமன் மகள் சரசுவிடம், "என்னைத் தவிர ஆருகிட்டயும் வராது" என்று பீற்றிக்கொண்டேன். அவள் கையை விட்டாள், வரவில்லை. பெருமையில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

மறுநாள் எருமைக்கு அவள் புண்ணாக்குக் கரைத்தாள். கழுவாத கையைத் தண்ணீரில் விட்டதும் மீன் வந்து, அதே நிதானத்தோடு அவள் விரல்களையும் தடவியது.

"ஏனுங்க மச்சான், இதுக்கு மீசையிலயே நாக்கு இருக்குதாட்டங்குது. உங்களையில்லீங்க, புண்ணாக்கைத்தான் தேடி வந்திருக்குது!" என்று சிரித்தாள்.

நானும் சிரித்துவைத்தேன். அவள் ஊருக்குப் போன அன்று சாயங்காலம், எருமைக்குக்கூட வைக்காமல், புண்ணாக்கை முழங்கை வரைக்கும் பூசிக்கொண்டு கிணற்றில் இறங்கினேன்.