இல்லை என்று சொல்லாத தொழில்

1. நாலாவது வரி

முதல் நாளே எனக்குக் கோபம் வந்தது. எல்லர்ஸ்லியில் ஒரு பிஸ்னஸ் பார்க், இரண்டாம் மாடி. அமெரிக்காவில் உள்ள வழக்கறிஞர் நிறுவனங்களுக்கு வரும் தொலைபேசி அழைப்புகளை ஆக்லாந்தில் இருந்து எடுக்கிற வேலை. எங்களுக்குக் காலையாகும்போது அவர்களுக்கு முதல் நாள் சாயங்காலம். அங்கே அலுவலகங்கள் மூடியிருக்கும். வாகனம் மோதியவர்கள், கடையில் வழுக்கி விழுந்தவர்கள், வேலைத்தலத்தில் கை நசுங்கியவர்கள் எல்லோரும் வீட்டில் வலியோடு உட்கார்ந்து டிவி பார்ப்பார்கள். நடுவில் வழக்கறிஞர் விளம்பரம் வரும். அந்த நம்பரை அழுத்தினால் என் காதில் மணி அடிக்கும். இதற்கு இன்டேக் என்று பெயர்.

பயிற்சி கொடுத்தவன் கார்த்திக். மதுரைக்காரன், என் மகளைவிட இரண்டு மூன்று வயது கூடியவன், எங்கள் டீம் லீட்.

"அக்கா, மூணே மூணு விஷயம். யார் மேல தப்பு, அவங்களுக்கு இன்சூரன்ஸ் இருக்கா, என்ன அடி. வேற எதுவும் பேசாதீங்க."

"ஆறுதல் சொல்லலாமோ தம்பி?"

"சொல்லலாமே. ஸ்கிரிப்ட்ல நாலாவது வரி. அத அப்படியே வாசிச்சிருங்க."

"வாசிக்கிறதோ ஆறுதல்?"

"அமெரிக்காவுல அதுதாங்க்கா ஆறுதல்."

நான் யாழ்ப்பாணத்தில் ஒரு வழக்கறிஞரிடம் கிளார்க்காக இருந்தவள். வழக்கு என்றால் காணி, வேலி, விவாகரத்து. நியூசிலாந்துக்கு வந்த பிறகு அதுவும் இல்லை. இந்த நாட்டில் அடிபட்டால் நட்டஈடு கேட்டு யார்மேலும் வழக்குப் போட முடியாது. அரசாங்கத்தின் விபத்துக் காப்பீடு வைத்தியச் செலவைப் பார்க்கும், சம்பளத்தில் பெரும் பகுதியைக் கொடுக்கும். அப்படிப்பட்ட நாட்டில் உட்கார்ந்துகொண்டு, இடுப்பு உடைந்த ஒரு மனிதரிடம் "கடைக்காரருக்கு இன்சூரன்ஸ் இருக்கிறதா?" என்று கேட்பதுதான் என் வேலை. இடுப்பைப் பற்றிய கேள்வி அதற்குப் பிறகுதான் வரும்.

2. யார் யாருக்கு விற்கிறார்கள்

இளம் பிள்ளைகள் பலர் இப்போது "லீகல் சப்போர்ட்" வேலைக்கு வருகிறார்கள். உள்ளே என்ன நடக்கிறது என்று ஒருவரும் சொல்லிக் கொடுப்பதில்லை. நான் சொல்கிறேன்.

டிவியில் சிரிக்கிற வழக்கறிஞர் பல நேரம் உங்கள் வழக்கை நடத்தப்போவதில்லை. அவர் ஆளைப் பிடிக்கிறவர். பிடித்த ஆளை இன்னொரு நிறுவனத்துக்குக் கைமாற்றிவிட்டு, வருகிற நட்டஈட்டில் பங்கு எடுப்பார். அந்த விளம்பரத்துக்குப் பணம் போட்டவர் வேறு யாரோ. வழக்கறிஞர் அல்லாதவர்களும் சட்ட நிறுவனத்துக்குச் சொந்தக்காரர் ஆகலாம் என்று ஒன்றிரண்டு மாநிலங்கள் கதவைத் திறந்துவிட்டன. பணம் போடுகிறவர்களுக்கு அது போதும். அடிபட்ட மனிதர் இந்தத் தொழிலில் ஒரு "லீட்". பேரும் நம்பரும் சேர்ந்த ஒரு சரக்கு.

நட்டஈடு வருவது தப்புச் செய்தவரின் இன்சூரன்ஸில் இருந்து. அது பலமாக இருந்தால் அந்த லீட்டுக்கு மரியாதை. அன்றைக்கே ஒப்பந்தம் வரும். இன்சூரன்ஸ் இல்லையென்றால் வேறு கதை. அந்த ஆளை நிராகரிக்க மாட்டார்கள். நிராகரிக்க வேண்டுமானால் ஒரு வழக்கறிஞர் அந்த விபரத்தைப் படித்து, "எடுக்கவில்லை" என்று எழுத்தில் கொடுக்க வேண்டும். வழக்கறிஞரின் நேரத்தை அதற்குச் செலவழிக்க ஒருவருக்கும் மனமில்லை. ஆகவே அந்த ஆளை "நர்ச்சர்" என்ற பட்டியலில் போட்டுவிடுவார்கள். செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது மாதிரியாம். கிழமைக்கு ஒரு மெசேஜ் தானாகப் போகும். உங்களை நாங்கள் மறக்கவில்லை, உங்கள் விபரம் பரிசீலனையில் இருக்கிறது. என்றைக்காவது அந்த லீட்டை வாங்க ஆள் வந்தாலும் வரலாம் என்ற கணக்கு.

எங்கள் ஆட்களுக்கு இது பழக்கமான சங்கதிதான். "பாப்பம்" என்று ஒரு யாழ்ப்பாணத்தார் சொன்னால் அது நடக்காது என்று கேட்டவருக்கு விளங்கும். ஆனால் ஒஹாயோவிலோ டெக்சாஸிலோ இருக்கிற ஒரு லொறி டிரைவருக்கு அது எப்படி விளங்கும்? அவர் தனக்கு வழக்கறிஞர் இருக்கிறார் என்று நம்பிக்கொண்டிருப்பார்.

3. எனக்கு மிஞ்சியவர்கள்

பிறகு இயந்திரம் வந்தது, எங்களுக்குப் பதிலாகத் தொலைபேசி எடுத்துக் கதைக்கிற ஏ.ஐ. குரல் பொம்பிளைக் குரல், இனிமையான குரல். அது களைக்காது, விடுமுறை கேட்காது, ஒரே நேரத்தில் எத்தனை பேரோடும் கதைக்கும். இதே மாதிரி ஏ.ஐ. இட்டுக்கட்டிய, நடக்காத வழக்குகளின் தீர்ப்புகளை நீதிமன்றத்தில் கொடுத்து அபராதம் கட்டிய வழக்கறிஞர்கள் அமெரிக்காவில் இருக்கிறார்கள். அதைப் பார்த்தும் ஒருவரும் நிறுத்தவில்லை. தொலைபேசி எடுக்கிற வேலைதானே, அங்கே என்ன பிழை வந்துவிடும் என்று நினைத்தார்கள்.

எல்லர்ஸ்லியில் மத்தியானச் சாப்பாட்டு மேசையில் நாங்கள் நெருக்கியடித்து உட்காருவோம். ஒருவர் சாம்பாரில் இன்னொருவர் கை வைப்பார். மேசை கொஞ்சம் கொஞ்சமாகக் காலியானது. கடைசியில் அலுவலகத்தையே விட்டுவிட்டார்கள். ஒரு லேப்டாப்பையும் ஹெட்செட்டையும் கொடுத்து என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள். கிளென்ஃபீல்டில் இரண்டு அறை யூனிட். கணவர் போய்ச் சேர்ந்த பிறகு அதில் நான் மட்டும்தான். மகள் வெஸ்ட்கேட்டில் இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை வருவாள், சில ஞாயிறு வரமாட்டாள். பேரப்பிள்ளைக்கு என்னோடு கதைக்கப் பொறுமை இல்லை. என் தமிழும் அவனுக்குச் சிரமம், என் இங்கிலீஷும் சிரமம்.

இயந்திரத்தால் சமாளிக்க முடியாத அழைப்புகள் மட்டும் எனக்கு வரும். அழுகிறவர்கள், திட்டுகிறவர்கள், காது கேளாதவர்கள், குடித்திருப்பவர்கள். காலையில் ஹெட்செட்டை மாட்டினால் முதல் சத்தமே ஒருவருடைய விசும்பலாக இருக்கும். நாள் முழுக்க நான் கேட்கிற மனிதக் குரல் அதுதான். கழற்றிய பிறகு வீட்டில் ஃபிரிட்ஜ் சத்தம் மட்டும். ஷாப்பிங் மோலுக்குப் போய்க் கடைக்காரப் பெண்ணிடம் தேவையில்லாமல் விலை கேட்டிருக்கிறேன். அவள் வாயால் ஒரு நம்பர் சொல்வாள் என்பதற்காக.

4. ராய்

ராய் அழவில்லை, திட்டவும் இல்லை. மெதுவாகக் கதைப்பவர், அவ்வளவுதான். இயந்திரம் கேள்வி கேட்டுவிட்டுக் கொஞ்சம் பொறுத்துப் பார்த்தது, பதில் வரவில்லை என்று முடிவுகட்டி அவரை என்னிடம் தள்ளிவிட்டது. எனக்குப் புதன்கிழமை காலை, அவருக்குச் செவ்வாய் சாயங்காலம். அவர் சொன்னதை என் தமிழில் எழுதுகிறேன்.

"அம்மா, அவசரமில்லை. ஒரு விசயம் கேக்கத்தான் போன் எடுத்தனான். கோர்ட்டுக்கு வரேக்குள்ளை சூட் போட வேணுமோ? என்னட்டை ஒண்டுதான் இருக்கு. அதுவும் இப்ப வயித்துக்குக் காணாது."

"எந்தக் கோர்ட்டுக்கு?"

"எங்கடை வழக்குக்குத்தான். டோனாவின்ரை வழக்கு. நீங்கள்தானே கிழமைக்குக் கிழமை மெசேஜ் அனுப்புறீங்கள், மறக்கேல்லை எண்டு."

டோனா அவருடைய மனைவி. வாடகை வீட்டின் பின்படி பெயர்ந்து விழுந்து இடுப்பு எலும்பு உடைந்தது. படி ஆடுகிறது என்று வீட்டுக்காரருக்கு முன்னமே சொல்லியிருக்கிறார்கள். விழுந்த மறுவாரமே ராய் எங்கள் நம்பருக்கு எடுத்திருக்கிறார். வீட்டுக்காரரிடம் சொல்லும்படியான இன்சூரன்ஸ் இல்லை. அவரை நர்ச்சரில் போட்டுவிட்டார்கள்.

"எப்ப விழுந்தவ?"

"வாற சனிக்கிழமையோடை ரெண்டு வருசம். எங்களுக்குப் பொறுமை இருக்கு அம்மா. பெரிய லோயர்மார், வேலை கூட இருக்கும்தானே."

அவருடைய மாநிலத்தில் இந்த மாதிரி வழக்குக்குக் கெடு இரண்டு வருடம். அதற்குள் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யாவிட்டால், படி ஆடியதா இல்லையா என்று எந்த நீதிபதியும் கேட்கப்போவதில்லை. இந்தத் தொழிலில் இருக்கிற எல்லோருக்கும் இது தெரியும். ராய்க்குத் தெரியாது. அவர் சூட் தேடிக்கொண்டிருந்தார்.

அவரை ஹோல்டில் வைத்துவிட்டுக் கார்த்திக்கைக் கூப்பிட்டேன். விஷயத்தைச் சொன்னேன்.

"அக்கா, தேதி பத்தி வாயே திறக்காதீங்க. நீங்க லாயர் இல்ல. சொன்னீங்கன்னா அது லீகல் அட்வைஸ். லாயர் இல்லாதவங்க அத குடுத்தா அங்க குத்தம்."

"சரி. அப்ப ஒரு லோயர் சொல்லட்டும்."

"அவங்க ஏன் சொல்லணும்? நம்மதான் அந்த கேஸ எடுக்கவே இல்லையே."

"எடுக்கேல்லை எண்டு அந்தாளுக்கு ஆர் சொன்னது?"

பின்னால் அவனுடைய குழந்தை எதையோ தட்டிக்கொண்டிருந்தது.

"ரிவ்யூல இருக்குன்னு சொல்லிட்டு வைங்கக்கா. ப்ளீஸ்."

"ரெண்டு வருசமா அதைத்தானே சொல்லியிருக்கு."

"கால் ரெக்கார்ட் ஆவுது, தெரியும்ல?"

"தெரியும். அதுதான் வடிவாக் கதைக்கப்போறன்."

கார்த்திக்கின் ரெசிடென்ஸ் விசா இன்னும் முடிவாகவில்லை. வேலை போனால் மனைவி பிள்ளையோடு விமானம் ஏற வேண்டியதுதான். ஆகவே அவன்மேல் எனக்குக் கோபம் இல்லை. கொஞ்சம் இருக்கிறது.

திரும்ப ராயிடம் போனேன்.

"நான் சொல்லுறதை முழுக்கக் கேளுங்கோ. இந்த நிறுவனம் உங்கடை வழக்கை எடுக்கேல்லை. எடுக்கப் போறதும் இல்லை. நான் லோயர் இல்லை. ஆனா சனிக்கிழமை கழிஞ்சால் எந்த லோயராலும் ஒண்டும் செய்ய ஏலாமல் போகலாம். உங்கடை ஊர் லோயர்மாரின்ரை சங்கத்துக்கு விடிஞ்ச உடனை போன் எடுங்கோ. ரெண்டு வருசம் சனிக்கிழமை முடியுது எண்டதை முதல் வசனமாச் சொல்லுங்கோ. அடுத்த கிழமை எண்டு வைக்காதேங்கோ."

அவர் டிவி சத்தத்தைக் குறைத்தார்.

"நீங்கள் ஆர்?"

"போன் எடுக்கிற ஆள்."

"எங்கை இருந்து கதைக்கிறியள்?"

"நியூசிலாந்து."

"அந்தப் பொம்பிளையைக் குடுங்கோ. முதல் கதைச்சவ. எப்ப நான் எடுத்தாலும் அவதான் கதைக்கிறவ. அவ இப்பிடிச் சொல்லமாட்டா."

"ராய், அது ஆள் இல்லை. மெஷின்."

"மெஷினோ? அவ ஒவ்வொரு முறையும் டோனா எப்பிடி இருக்கிறா எண்டு கேக்கிறவ. நீங்கள் இன்னும் கேக்கேல்லை."

கேட்க வாயெடுத்தேன். அவர் வைத்துவிட்டார்.

எழுந்து தேத்தண்ணி போட்டேன். குடிக்கவில்லை. அடுத்த அழைப்பு ஒரு பெண், ஸ்பானிஷ் மொழியில் அழுதுகொண்டிருந்தாள். எனக்கு ஸ்பானிஷ் தெரியாது. அவள் முடிக்கும் வரைக்கும் வைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தேன்.

5. ரோஸ்டர்

எங்களைக் கூப்பிட்டவர்களுக்கு நாங்கள் திரும்ப அழைப்பு எடுக்க முடியாது. உள்ளே வருவதை எடுக்க மட்டும்தான் அனுமதி. ராய் போனை வைத்தவர் எங்கே போனார், யாரைக் கூப்பிட்டார், ஒன்றும் எனக்குத் தெரியாது. கோபத்தில் படுத்துவிட்டாரோ? மெஷின் சொன்னதை நம்பினாரோ? சனிக்கிழமை வந்தது, அவருடைய சனிக்கிழமை ஒரு நாள் பிந்தி வந்தது. இரண்டு நாளும் நான் வீட்டைத் துடைத்தேன். மகளிடம் போனில் சொன்னேன். "லெட் இட் கோ, அம்மா" என்றாள். பிறகு பேரனின் பள்ளிக்கூட நீச்சல் வகுப்பைப் பற்றிச் சொன்னாள். நான் உம் கொட்டினேன்.

அடுத்தடுத்த கிழமைகளில் மெதுவாகக் கதைக்கிற ஒவ்வொரு ஆணின் குரலும் ராய் மாதிரியே கேட்டது. ஒருவரும் ராய் இல்லை.

பிறகு ஒரு மத்தியானம், எனக்கு வேலையில்லாத நாளில், கார்த்திக் கூப்பிட்டான்.

"அக்கா, சாப்டீங்களா?"

"விசயத்தைச் சொல்லுங்கோ தம்பி."

"அந்த ராய் ஃபைல க்ளோஸ் பண்ணிட்டாங்க. வேற லாயர் எடுத்திருக்காரு. கெடுவுக்கு முந்தின நாள், அங்க வெள்ளிக்கிழமை சாயங்காலம், கோர்ட் மூடுறதுக்கு முன்னாடி ஃபைல் பண்ணிருக்காரு."

நான் காலண்டரில் அந்த வெள்ளிக்கிழமையைத் தேடினேன்.

"அந்த லாயர் நம்ம ஹெட் ஆபீஸுக்கு எழுதியிருக்காரு. ரெண்டு வருஷம் ஏன் அந்த ஆள இழுத்தடிச்சீங்கன்னு. அதுக்கப்புறம் அந்த ஆளோட எல்லா கால் ரெக்கார்டிங்கையும் எடுத்துக் கேட்டாங்க."

"மெஷின் கதைச்சதையும் கேட்டவையோ?"

"கேட்டாங்க. அதுல ஒண்ணும் தப்பு இல்லன்னு சொல்லிட்டாங்க. ஸ்கிரிப்ட்படிதான் பேசியிருக்கு."

"அப்ப நான் கதைச்சது?"

"அடுத்த வாரம் யாருக்கு எப்ப வேலைங்கிற ரோஸ்டர் இன்னும் ரெடி ஆகலக்கா. டிமாண்ட் பாத்துட்டு சொல்றோம்னாங்க. வந்ததும் நானே கூப்பிடுறேன்."

"எப்ப வரும்?"

"இப்போதைக்கு ரிவ்யூல இருக்கு."

"தம்பி, என்னையும் நர்ச்சரிலை போட்டாச்சோ?"

அவன் சிரிக்கப் பார்த்தான். வரவில்லை.

"உங்கடை வாயாலை ஒருக்காச் சொல்லுங்கோ. நான் ஒண்டும் நினைக்கமாட்டன்."

நல்ல பிள்ளை, ஆனால் இல்லை என்று சொல்லிப் பழக்கமில்லை.

"இல்லக்கா. இனிமே வேலை இல்ல."

"நன்றி. இனி நான் வேறை வேலை பாக்கலாம்."

உண்மையாகவே நன்றி சொன்னேன். நக்கலாகச் சொன்னேன் என்று அவன் நினைத்திருப்பான்.

இந்த வேலைக்கு வரப்போகிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அமெரிக்காவாக இருந்தாலும் வேறு எந்த நாடாக இருந்தாலும், உங்களுக்குக் கொடுக்கிற ஸ்கிரிப்டில் "இல்லை" என்ற வார்த்தை இருக்கிறதா என்று முதல் நாளே தேடிப் பாருங்கள். இல்லையென்றால் அந்த இடத்தில் யாரோ ஒருவருடைய காலத்தைத் தின்கிறார்கள் என்று அர்த்தம். நேரத்தோடு இல்லை என்று சொன்னால் அந்த மனிதர் வேறு கதவைத் தட்டப் போவார். அதற்கு நீங்கள் வழக்கறிஞராக இருக்கத் தேவையில்லை. வேலை போகலாம், எனக்குப் போனது. இப்போது காலையில் எழுந்தால் காதில் அழுகிறவர்கள்கூட இல்லை.

ஆனால் இன்னொன்றும் சொல்ல வேண்டும், ராய் சொன்னது. இல்லை என்று சொல்வதற்கு முன்னால் வீட்டில் அடிபட்டவர் எப்படி இருக்கிறார் என்று விசாரியுங்கள். இரண்டும் வேண்டும். மெஷினுக்கு விசாரிக்க மட்டும் தெரிந்திருந்தது. எனக்கு "இல்லை" சொல்ல மட்டும்.