கிழிக்காமல் கொடுத்த உடல்

அதட்டிப் பேசும் போலீஸ்காரரை என்னால் சமாளித்துவிட முடியும். சிரித்துப் பேசுகிறவரைக் கண்டால்தான் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

தொண்ணூறுகளின் கடைசி அது. என் தம்பி மாமல்லபுரம் பக்கம் கடலோரமாக இருந்த ஒரு ரிசார்ட்டில் வேலை பார்த்தான். ஒருநாள் காலையில் கரையில் பிணமாகக் கிடந்தான். குளிக்கப் போய் மூழ்கிவிட்டான் என்றது போலீஸ். யூனிபார்ம் போட்டுக்கொண்டு, ஷூ லேஸை இறுக்கிக் கட்டிக்கொண்டு எவனாவது கடலில் குளிப்பானா? ஏட்டிடம் கேட்டேன்.

"குடிச்சிருப்பாம்மா."

"அவன் குடிக்க மாட்டான் சார்."

"எல்லா அக்காவும் இப்டித்தான் சொல்லும்" என்று சிரித்தார்.

பிறகு அவரே என் நைனாவின் தோளில் கைபோட்டு ஓரமாகக் கூட்டிப் போனார். "பெருசு, சந்தேகம் கீதுன்னு சொன்னா செங்கல்பட்டு ஆஸ்பத்திரிக்கு எடுத்துனு பூடுவாங்க. தலையிலேர்ந்து வவுறு வரைக்கும் கிழிச்சி, பொட்டலமா கட்டிக் குடுப்பாங்க. சந்தேகம் இல்லன்னு எழுதிக் குடுத்துடு. புள்ளய முழுசா வூட்டுக்கு எடுத்துனு போ."

எங்கள் பக்கத்தில் உடம்பைக் கிழிப்பதென்றால் செத்தவனை இன்னொரு தடவை சாகடிப்பது மாதிரி. நைனா கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுக் கையெழுத்துப் போட்டார். சொந்தக்காரர்கள் எல்லாருமே அந்த ஏட்டைத் தங்கமான மனுஷன் என்றார்கள். தங்கமாம் தங்கம்!

வாசலில் வைத்துக் குளிப்பாட்டும்போது, சீயக்காய் தேய்த்துக்கொண்டிருந்த நைனாவின் கை சட்டென்று நின்றது. தம்பியின் பின்தலையில் மறுபடி கையை வைத்துப் பார்த்தார். என்னை நிமிர்ந்து பார்த்தார். கூட்டத்துக்கு முன்னால் ஒன்றும் சொல்லவில்லை. அடக்கம் முடிந்து வந்த பிறகுதான், "மண்டை உள்ள பூடுச்சி பாப்பா" என்றார்.

ஸ்டேஷனுக்கு ஓடினோம். கேஸை மூடியாயிற்று என்றார்கள். கல்பாக்கத்தில் எனக்கு ஆபீஸ் வேலை. லீவு போட்டுவிட்டு செங்கல்பட்டில் ஒரு வக்கீலைப் பிடித்தேன். ஒழுங்காக விசாரிக்கும்படி போலீசுக்கு உத்தரவிடக் கேட்டு மனுப் போட்டோம். "போனவன் பூட்டான், இன்னாத்துக்கு இந்த பேஜாரு?" என்று அத்தை கேட்டாள். அவளோடு பேச்சையே நிறுத்தினேன்.

வாய்தா மேல் வாய்தா. கடைசியில் விசாரணைக்கு எடுத்த அன்று, அரசு வக்கீல் எழுந்து ஒரே போடாகப் போட்டார். "பெற்ற தகப்பனே சந்தேகமில்லை என்று எழுதிக் கொடுத்திருக்கிறார். இப்போது யாருக்குச் சந்தேகம்?"

மாஜிஸ்ட்ரேட் நைனாவைக் கூப்பிட்டார். போலீஸ் மிரட்டித்தான் கையெழுத்து வாங்கியது என்று சொல்லும்படி எங்கள் வக்கீல் நைனாவுக்குச் சொல்லி வைத்திருந்தார். தோளில் கிடந்த துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு நைனா கூண்டில் ஏறினார்.

"பெரியவரே, இது உங்க கையெழுத்துதானே? யாராவது மிரட்டினாங்களா?"

"இல்ல சாமி. நல்லாத்தான் பேசுனாங்க. புள்ளய கிழிக்க வேணாம்னு நானேதான் போட்டேன்."

போச்சு, எல்லாம் போச்சு. எங்கள் வக்கீல் தலையைக் குனிந்துகொண்டார். எனக்கு நைனாவை அங்கேயே உலுக்க வேண்டும் போலிருந்தது.

"அப்புறம் ஏன் கோர்ட்டுக்கு வந்தீங்க?"

"தலைக்குத் தண்ணி ஊத்தசொல்லோ பின்மண்டையில கைய வெச்சேன் சாமி. வெரலு உள்ள போச்சு. தண்ணில மூழ்குனவனுக்கு மண்ட எப்டி ஒடையும்?"

கோர்ட்டில் ஓரமாக நின்றிருந்த ஏட்டின் முகத்தில் சிரிப்பில்லை. மாஜிஸ்ட்ரேட் எழுதிக்கொண்டிருந்த பேனாவைக் கீழே வைத்தார். "உடலை எரிச்சுட்டீங்களா?"

"இல்ல சாமி. கண்ணாலம் ஆவாத புள்ளய எங்கள்ல எரிக்க மாட்டோம். பொதச்சோம்."

"நீங்க கேக்குற விசாரணை நடக்கணும்னா தோண்டி எடுக்கணும். அறுத்துத்தான் பார்க்கணும். சம்மதமா?"

நைனா கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் தலையாட்டவும் இல்லை, மறுக்கவும் இல்லை. என்னால் முடியவில்லை.

"கிழிங்க சாமி" என்றார்.

முறையாக விசாரித்து அறிக்கை தரவேண்டும் என்று உத்தரவானது. பிறகு ஒருநாள் தாசில்தாரும் டாக்டர்களும் எங்கள் ஊர்ச் சுடுகாட்டுக்கு வந்தார்கள். புதைத்த இடத்தைச் சொந்தக்காரர்தான் அடையாளம் காட்ட வேண்டுமாம். நைனா காட்டினார். சுற்றிலும் துணி கட்டி மறைத்தார்கள். நைனா அந்தப் பக்கம் பார்க்காமல் வேலிக்காத்தான் மர நிழலில் குந்திக்கொண்டார். துணிக்குப் பின்னாலிருந்து வந்த ஒவ்வொரு சத்தத்துக்கும் அவர் தோள் குலுங்கியது.

பெரிய டாக்டர் வெளியே வந்து இன்ஸ்பெக்டரிடம் சொன்னார். "பின்மண்டை எலும்பு உடைஞ்சிருக்கு. பலமான அடி. மத்தது ரிப்போர்ட்ல வரும்." இன்ஸ்பெக்டர் எங்கள் பக்கம் பார்க்காமலே தொப்பியைக் கழற்றி வியர்வையைத் துடைத்தார். இனி மூழ்கினான் என்று எவனும் சொல்ல முடியாது. ஜெயித்துவிட்டோம் என்று எனக்குத் தோன்றியது.

நைனா எழுந்து டாக்டரிடம் போனார்.

"அடிச்சவொடனே உயிர் பூட்டுமா சார்? இல்ல, கொஞ்ச நேரம் வலிச்சிகினு இருந்திருப்பானா?"

டாக்டர் கையுறையைக் கழற்றிக்கொண்டே நின்றார். கேள்வி அவருக்கு விளங்கவில்லை என்று நினைத்து, நைனா அதையே இன்னொரு தடவை, மெதுவாகக் கேட்டார்.